நின்று வெட்டினால்தான் மரியாதையா

மார்ச் 4, செவ்வாய்

இடது முழங்காலுக்குப் பின்னால் இன்னொன்று புடைத்திருக்கிறது. குளிக்கும்போது கையில் தட்டுப்பட்டது. நரம்பு சுருண்டுவிட்டது என்று நானாக நினைத்துக்கொண்டிருந்தேன். டாக்டரம்மா திருத்தினார்: "நரம்பு இல்லம்மா, ரத்தக்குழாய். வயிறு அழுத்துறதால மேல ஏற வேண்டிய ரத்தம் கால்லயே தேங்குது. பிரசவத்துக்கப்புறம் பெரும்பாலும் வடிஞ்சிரும். அதுவரைக்கும் ரொம்ப நேரம் நிக்காதீங்க."

நிக்காதீங்களாம். பார்லரில் முடி வெட்டுகிறவளிடம் சொல்கிறார். தினமும் எட்டுத் தலை, எட்டும் நின்றபடிதான்.

மார்ச் 5, புதன்

படுக்கையை விட்டு இறங்கும் முன்பே டாக்டரம்மா எழுதிக் கொடுத்த இறுக்கமான ஸ்டாக்கிங்ஸை மாட்டிவிட வேண்டுமாம். குனிந்தால் வயிறு இடிக்கிறது. வீட்டுக்காரர்தான் முட்டி போட்டு இழுத்தார். "எனக்குத் தலையணைக்கு உறை போடவே வராதே" என்றார். சிரித்துத் தொலைத்தேன். நழுவிவிட்டது. மறுபடி முதலிலிருந்து.

மார்ச் 8, சனி

ஸ்டாக்கிங்ஸ் காயவில்லை, வெறுங்காலோடு போனேன். அம்மாவோடு வந்த ஒரு வாண்டு, "ஆன்ட்டி, உங்க கால்ல யாரு பேனாவால கிறுக்கினது?" என்று கேட்டது. "உள்ள இருக்கிற பாப்பாதான்" என்றேன். அதற்குப் பரம திருப்தி.

முதலாளியம்மாவுக்குத்தான் இல்லை. "நாளையிலேருந்து கால் மறையிற மாதிரி போட்டுட்டு வா. பாக்கிறவங்களுக்கு ஒரு மாதிரியா இருக்கு."

பாக்கிறவங்க கண்ணாடியைப் பாக்கட்டுமே. என் காலை எதுக்குப் பாக்கணும்?

மார்ச் 15, சனி

இன்று வாய்விட்டுக் கேட்டுவிட்டேன். ஒரு ஸ்டூல். வேறொன்றும் இல்லை.

"உக்காந்து வெட்டினா வந்தவங்களுக்கு என்ன மரியாதை? முடியலன்னா லீவு போட்டுக்க. குழந்தை பிறக்கட்டும், அப்புறம் பாக்கலாம்."

ஃபேஷியல் அறையில் அக்கா சக்கரம் வைத்த ஸ்டூலில்தான் நாள் முழுக்க உட்கார்ந்திருக்கிறாள். அங்கே மரியாதை குறையவில்லை. படுத்திருப்பவர்கள் கண்ணை மூடியிருப்பதாலோ என்னவோ.

அந்தப் 'பாக்கலாம்' எனக்குத் தெரியும். எனக்கு முன் இரண்டு பேர் அதைக் கேட்டுவிட்டுப் பிரசவத்துக்குப் போனார்கள். அவர்கள் இடத்தில் இப்போது வேறு ஆட்கள். ஜன்னலோர நாற்காலி என்னுடையது. பதினோரு வருஷமாக.

மார்ச் 16, ஞாயிறு

அம்மா போனில்: "எதுக்குடி இந்த வீம்பு? வீட்ல காலை நீட்டிட்டு உக்காரேன்."

வீம்புதான். இருக்கட்டும்.

ஏப்ரல் 2, புதன்

எழுதவே கூசுகிறது.

வக்கீலம்மாவுக்கு வழக்கமான பாப் கட். இடது கால் விண்விண் என்று தெறித்ததால் முழு பாரத்தையும் வலது காலில் போட்டு நின்றிருக்கிறேன். எனக்கே தெரியவில்லை. முடிந்ததும் அவர் கண்ணாடியைப் பார்த்தார். "ஒரு பக்கம் இறங்கியிருக்கேம்மா." அரை விரல்கடை. சரிசெய்யப் போய் அவர் கேட்டதைவிடக் குட்டையாகிவிட்டது. அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

"இதுக்குத்தான் சொன்னேன்" என்றார் முதலாளியம்மா. வாய மூடிக்கிட்டு வந்துட்டேன். ஏன் மூடினேன்? கத்தரியா சாஞ்சுது? நான்ல சாஞ்சேன். நிக்க வெச்சதாலதானே சாஞ்சேன்?

ஏப்ரல் 3, வியாழன்

ஃபேஷியல் அறை ஸ்டூலை நானே உருட்டிக்கொண்டு வந்தேன்.

"நேத்து வெட்டினது கோணல்தான், ஒத்துக்கறேன். நின்னதாலதான் கோணிச்சு. உக்காந்து வெட்டறேன். ஏறி இறங்கி இருந்துச்சுன்னா இன்னைக்கே போயிடறேன்."

"யார் தலையில வெட்டிக் காட்டுவே? வர்றவங்க என்ன பலியாடா?"

"உங்க தலையில."

முதலாளியம்மாவின் முடியை அவருடைய கூடப்பிறந்த அக்காவைத் தவிர யாரும் தொட்டதில்லை. எல்லார் முன்னாலும் கேட்டுவிட்டேன், அவரும் பின்வாங்குகிற ஆள் இல்லை. என் நாற்காலியில் வந்து உட்கார்ந்தார். "தோள் வரைக்கும். அதுக்கு மேல போச்சு, பாத்துக்க."

உட்கார்ந்தால் பிடரி நேராகக் கண்ணுக்கு முன்னால் இருக்கிறது. இத்தனை வருஷமும் இதைக் குனிந்து குனிந்தா பார்த்தேன்? வெட்டி முடித்ததும் ஃபேஷியல் அக்கா இரண்டு பக்கமும் சீப்பை வைத்து அளந்தாள். வித்தியாசம் இல்லை. முதலாளியம்மா கைக்கண்ணாடியை வாங்கிப் பின்பக்கத்தை வெகுநேரம் பார்த்தார்.

"ம்."

அவ்வளவுதான். ஸ்டூலைத் திருப்பிக் கொண்டுபோய் வைக்கச் சொல்லவில்லை.

ஏப்ரல் 19, சனி

கால் கனம் குறைந்தபாடில்லை. ஸ்டூல் ஒன்றும் மந்திரக்கோல் இல்லை. ஆனால் சாயங்காலம் படியேறும்போது அழவில்லை.

மே 17, சனி

லீவு ஆரம்பம். எழுதிக் கொடுத்த தேதி நான் வைத்ததுதான். "போயிட்டு வா, பாக்கலாம்" என்றார் முதலாளியம்மா. மறுபடியும் அந்தச் சொல். கத்தரியை வீட்டுக்குக் கொண்டுவரவில்லை. என் இழுப்பறையில் வைத்துப் பூட்டி, சாவியை மட்டும் எடுத்து வந்தேன். பூட்டை உடைக்கிறவர் உடைக்கட்டும்.

மே 25, ஞாயிறு

பெண். தலை நிறைய முடி.

ஜூலை 6, ஞாயிறு

கால் பாதிக்கு மேல் வடிந்துவிட்டது. முழங்காலுக்குப் பின்னால் ஒன்று மட்டும் போகிற வழியாக இல்லை. மறைத்துக்கொள்ளும் உத்தேசம் எனக்கும் இல்லை.

முதலாளியம்மா போன் செய்தார். குழந்தை பால் குடிக்கிறதா, தூங்குகிறதா என்றெல்லாம் விசாரித்துவிட்டுக் கொஞ்சம் இழுத்தார்.

"முடி தோளுக்குக் கீழ இறங்கிடுச்சு. எங்கக்காகிட்டயும் வெட்டிக்கப் போகல. நீ எப்ப வர்றே?"

"இன்னும் ஒன்றரை மாசம் ஆகும். அதுவரைக்கும் கிளிப் போட்டுக்குங்க" என்றேன்.

"சரி" என்றார்.