பாட்டுக்கு ஆள் உண்டு

அன்புத் தம்பிக்கு,

உன் பாட்டை அரசு விழாவில் நாட்டுப்பாடல் என்று பாடியதற்காக உன் மனைவி பெகாயிம் வழக்குப் போட்டாளே, அதில் அரசுக்காக வாதாட வேண்டியவள் நான். பிஷ்கெக்கில் பதிப்புரிமை வழக்கெல்லாம் என்னிடம்தானே வரும்.

"யாரோ குதிரை மேய்ச்சவன் பாடினதுன்னு சொல்லிடும்மா. உன் தம்பியை வெளியில விட்டுடுவாங்க" என்றார் மேலதிகாரி.

சிறைக்கு வந்து உன்னிடம் கேட்டேன். "என்னை வெச்சுக்கட்டும் அக்கா. பாட்டைக் குடுத்துடாத" என்று சிரித்தாய்.

நீதிமன்றத்தில் எழுந்து, இதை எழுதியவன் உயிரோடு சிறையில் இருக்கிறான் என்றேன். அரசுத் தரப்பே ஒப்புக்கொண்டதால் தீர்ப்பில் உன் பெயர் ஏறியது. அன்றே என் வேலை போயிற்று. உன் விடுதலை மனுவையும் தள்ளிவிட்டார்கள்.

அம்மாவிடம் இன்னும் சொல்லவில்லை. நீ வந்து படுக்க மெத்தை தைக்கிறாள். உள்ளே அடைக்க நல்ல ஆட்டுக் கம்பளியாக வாங்கிவரச் சொல்கிறாள். நானும் வாங்கிக் கொடுக்கிறேன்.

உன் அக்கா