பின்பக்கம்

கோம்பை
14.4.2025

அன்புள்ள மாமாவுக்கு,

அனுசுயா எழுதுவது. அம்மா வீட்டில் எனக்குக் குறையொன்றும் இல்லை. நீங்கள் வேளைக்குச் சாப்பிடுகிறீர்களா என்பதுதான் கவலை. போன் இருக்க இவள் எதற்குத் தபால் போடுகிறாள் என்று சிரிப்பீர்கள். போனில் பேசினால் "ம், ம்" என்கிறீர்கள். பின்னால் வீடியோவில் யாரோ சிரிக்கிற சத்தம் கேட்கிறது. தாளில் எழுதினால் நடுவில் வேறொன்று வந்து நிற்காது அல்லவா?

அன்று காய்ச்சலில் கிடந்தபோது சுடுதண்ணீர் கேட்டேன். "இது முடியட்டும் புள்ள" என்றீர்கள். அது முடிந்தது, அடுத்தது தானாக வந்தது. கடைசியில் நானே எழுந்து அடுப்பைப் பற்றவைத்தேன். நான் கோபித்துக்கொண்டு வந்துவிட்டதாகச் சொல்கிறீர்களாம். கோபம் இல்லை மாமா. நீங்கள் பக்கத்தில் இருந்தும் தனியாக இருக்கப் பயந்துதான் வந்தேன்.

முன்பக்கம் நிறைந்துவிட்டது, இனிப் பின்பக்கம். போன வருஷம் நீங்கள் மஞ்சள் காமாலையில் படுத்திருந்தபோது, பிழைத்து எழுந்தால் வீரபாண்டியில் அக்கினிச்சட்டி எடுக்கிறேன் என்று கௌமாரியம்மனுக்கு நேர்ந்துகொண்டேன். மே ஆறாம் தேதி, செவ்வாய்க்கிழமை காலையில் எடுக்கிறேன். ஆற்றில் குளித்துவிட்டு உங்களுக்காகக் கரையிலேயே நிற்பேன். தார் ரோடு கொதிக்கும். நீங்கள் என் காலுக்கு முன்னால் தண்ணீர் ஊற்றிக்கொண்டே வந்தால் போதும். சட்டியை இறக்கியதும் உங்களோடு போடி பஸ்ஸில் ஏறிவிடுவேன். வேறெதுவும் கேட்க மாட்டேன்.

உங்கள்
அனுசுயா

போடி
29.4.2025

என் அன்பு அனுசுயாவுக்கு,

கர்ணன் எழுதுவது. பள்ளிக்கூடத்தை விட்ட பிறகு இப்போதுதான் கடிதம் எழுதுகிறேன், பிழை இருந்தால் சிரிக்காதே. பதில் எழுத நாளாகிவிட்டது. உன் கடிதத்தைக் கடையில் ஏலக்காய் மூட்டைகளுக்கு நடுவே நின்று படித்தேன். சுடுதண்ணீர் விஷயம் வந்ததும் கண் கலங்கிவிட்டது. ஆனால் பயந்து வந்தேன் என்று எழுதி அத்தோடு நிறுத்திவிட்டாயே, எனக்கு ஒரு பக்கம்தானா?

சத்தியமாகப் போனைக் குறைத்துவிட்டேன். சும்மா உட்கார்ந்தால் கட்டைவிரல் தானாக அசைகிறது. ஒரே ஒரு காமெடி பார்த்துவிட்டுச் சோறு வடிக்கலாம் என்று உட்கார்ந்தால் சோறு குழைந்துவிடுகிறது. நானா கேட்டேன்? அடுத்தது, அடுத்தது என்று அதுவாகத்தான் கொண்டுவந்து கொட்டுகிறது. பார்த்த எதுவும் மனசில் நிற்கவில்லை, பார்க்காமலும் இருக்க முடியவில்லை. நீ வந்தால் எல்லாம் சரியாகிவிடும். என்றைக்கு, எங்கே வந்து கூப்பிட? ஒரு நாள் சொல்லு. கடைக்கு லீவு போட்டுவிட்டு ஓடி வருகிறேன்.

உன்
கர்ணன்

கோம்பை
8.5.2025

அன்புள்ள மாமாவுக்கு,

முதல் வரியிலேயே சொல்லிவிடுகிறேன். நான் போடிக்கு வரவில்லை.

நீங்கள் கேட்ட நாளும் இடமும் பின்பக்கத்தில் இருந்தன. கையெழுத்துகூட இல்லாமல் ஒரு கடிதம் முடியுமா என்று உங்களுக்குத் தோன்றவில்லையே. உங்கள் பதில் சனிக்கிழமை வந்தது. "ஒரு போன் போட்டாப் போதும், பறந்து வந்துருவாக. எதுக்குடி இந்த வீம்பு?" என்றாள் அம்மா. போனைக் கையில் எடுத்தேன், வைத்தேன், திரும்ப எடுத்தேன். சொன்னதையே எத்தனை தடவை சொல்வது? செவ்வாய்க்கிழமைக்குள் எப்போதாவது தாளைத் திருப்புவீர்கள் என்று நம்பினேன்.

ஈரச்சேலையோடு கரையில் நெடுநேரம் நின்றேன். அம்மாதான் குடத்தோடு முன்னால் ஓடி ஓடித் தண்ணீர் ஊற்றினாள். நான் கூட்டத்தில் முகம் முகமாகத் தேடிக்கொண்டே நடந்தேன். உங்கள் நீலச் சட்டை மாதிரி ஒன்றைக் கண்டு சட்டியே ஆடிவிட்டது. கோயிலுக்குள் போயும் அம்மனைச் சரியாகப் பார்க்கவில்லை.

உங்களுக்காக நேர்ந்தது தீர்ந்தது. உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். எண்ணெய்ப் பலகாரம் வேண்டாம். அடுப்பில் சோற்றை வைத்துவிட்டு உட்காராதீர்கள்.

இந்தத் தடவை பின்பக்கம் ஒன்றும் எழுதவில்லை.

அனுசுயா