ஹால் மட்டும் பாக்கி

நான் மொட்டை போட்டது அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததற்கு என்றுதான் இன்றுவரை ஊர் நம்பிக்கொண்டிருக்கிறது. அம்மாவும் அப்படித்தான் நம்புகிறாள். பக்கத்துத் தெருவில் இன்னொரு அம்மாவுக்குக் கண்புரை என்றால், "என் புள்ள எனக்காக முடி குடுத்தான்" என்று போய்ச் சொல்லிவிட்டு வருகிறாள். உண்மை தெரிந்தவன் நீ ஒருத்தன். அது உன்னோடு போயிற்று என்று இரண்டரை வருஷம் நிம்மதியாக இருந்தேன். நேற்று வங்கியிலிருந்து பத்திரத்தை வாங்கிவந்து சாப்பாட்டு மேஜைமேல் வைத்து உறையைப் பிரித்தேன். குப்பென்று அந்துருண்டை வாசம் வந்தது. அந்த வாசத்துக்குள் இருந்து நீ எழுந்துவந்து, "இன்னா பாவா, தலையில முடி மொளச்சிடுச்சா?" என்று கேட்டமாதிரி இருந்தது.

அதனால் எழுதியே விடுகிறேன். நான் முருகனுக்கு முடி கொடுத்தது வீட்டுக் கடன் தவணை ஏறாமல் இருந்ததற்கு.

அந்த வருஷம் வட்டி ஏறிக்கொண்டே போனது. அரக்கோணத்தில் நான் வேலை பார்க்கும் பள்ளிக்கூட ஆபீசில் டீ குடிக்கும் நேரத்தில் எல்லாரும் இதைத்தான் பேசினார்கள். எட்டரையில் வாங்கியவனுக்கு ஒன்பதாம், ஒன்பதரையாம், பத்தாம். நான் அந்த ஆபீசில் ஃபீஸ் வாங்கும் சீட்டில் உட்கார்ந்திருக்கிறவன். அடுத்தவன் பணத்தைப் பைசா பிசகாமல் எண்ணுவேன். என் பணம் என்றால் கண்ணை மூடிக்கொண்டு சாமி கும்பிடுவேன். "முருகா, என் தவணை ஏறாமல் பார்த்துக்கோ, முடி தருகிறேன்" என்று வேண்டிக்கொண்டேன். வருஷக் கடைசியில் பார்த்தால் அதே பதினைந்தாயிரத்து அறுநூற்றுச் சில்லறைதான் பிடித்திருந்தார்கள். முருகன் வங்கிக்குள்ளேயே புகுந்து வேலை செய்திருக்கிறான் என்று நெக்குருகிப்போய் உன்னையும் துணைக்கு இழுத்துக்கொண்டு மலை ஏறினேன். மொட்டை போட்டு, சந்தனம் பூசி, வங்கி அனுப்பிய கணக்குத் தாளை அர்ச்சனைத் தட்டில் தேங்காய்க்கு அடியில் வைத்துக் கொடுத்தேன். அதன்மேல் குங்குமமும் ஒரு பூவும் வைத்து வந்தது.

படியில் இறங்கும்போது நீ கேட்டாய். "அது இன்னா பாவா, தட்டுல கடுதாசி?"

தெலுங்கில் பாவா என்றால் மச்சான்; அப்படி நீ என்னைக் கூப்பிட நமக்குள் எந்தச் சம்பந்தமும் கிடையாது. அம்மையார்குப்பத்துத் தறிக்காரர்களுக்கு நூல் பிடித்துக் கொடுக்கும் கமிஷன் வேலை உனக்கு. தெலுங்கு வீடுகளில் பாதி நாள் குந்திக்கினு இருந்ததில் அந்தப் பழக்கம் ஒட்டிக்கொண்டது. தறியில் ஏற்றுகிற ஒரு பாவுக்கு எத்தனை இழை, எத்தனை சேலை வரும் என்று வாயாலேயே சொல்வாய். அந்தத் தலைக்கு என் கடுதாசி என்ன பெரிய விஷயம். குங்குமத்தைத் துடைத்துவிட்டு ஒரே பார்வைதான் பார்த்தாய்.

"எத்தினி மாசத்துக்கு லோன் வாங்கின?"

"இருநூத்தி நாப்பது. இருவது வருஷம். ரிட்டையர் ஆற அன்னிக்கு முடியும். பாத்துப் பாத்து வாங்கினேன்."

"எத்தினி கட்டின?"

"நாப்பத்தெட்டு."

"மீதி எவ்ளோ இருக்கணும்?"

எனக்கு அங்கேயே கோபம் வந்தது. நான் என்ன மூணாங்கிளாஸ் பையனா. "நூத்தித் தொண்ணூத்திரெண்டு" என்றேன்.

நீ தாளை என் சந்தன மண்டைக்கு நேராகப் பிடித்தாய். "பாக்கித் தவணை இருநூத்தி நாப்பத்தொம்பதுன்னு போட்டுகீது."

அச்சுப்பிழை என்றேன். நீ சிரிக்கவில்லை. என்னைப் படியிலேயே உட்காரவைத்தாய். "தோ பாரு. இருநூத்தி நாப்பது படின்னு சொல்லி ஏற வுட்டாங்க. நீயும் நாப்பத்தெட்டு படி ஏறிட்ட. திரும்பிப் பாத்தா இன்னும் இருநூத்தி நாப்பத்தொம்பது கீது. வட்டி ஏறிச்சு, தவணைய ஏத்தல. அப்போ எத ஏத்தியிருப்பான்? மாசத்த ஏத்திட்டான். நீ ஏற ஏற மல வளருது பாவா."

அர்ச்சனைச் சீட்டின் பின்புறத்தில் எழுதிக் காட்டினாய். நாலு வருஷத்தில் நான் கட்டியது ஏழரை லட்சம். பதினெட்டு லட்சம் அசலில் குறைந்தது ஒன்றரைக்குக் கொஞ்சம் மேலே. மீதியெல்லாம் வட்டி. இப்படியே முடி கொடுத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால், ரிட்டையர் ஆகி ஏறக்குறைய ஐந்து வருஷத்துக்குப் பிறகுதான் கடன் முடியும். அதற்குள் நாற்பத்தாறு லட்சம் போயிருக்கும். சம்பளம் நின்றபிறகு தவணையை எதிலிருந்து கட்டுவாய் என்று நீ கேட்கவில்லை. நான் கேட்டுக்கொண்டேன். மலைக்காற்றில் மொட்டை மண்டை ஜில்லென்றது.

நீ சும்மா இருந்திருக்கலாம். உன் வாய் சும்மா இருக்காது. "அதுக்குத்தான் நான் வாடகைலயே கீறேன். உன் வட்டியில பாதிக்கு எனக்கு மூணு ரூம். வாடகை கண்ணுக்குத் தெரியிற செலவு. வட்டி உன் வூட்டுக்குள்ளயே சோறு தின்னுகினு கீற விருந்தாளி."

"வாடகை வீட்ல ஒரு ஆணி அடிக்க முடியுமா உன்னால? நான் இஷ்டத்துக்கு அடிப்பேன்."

"அடி. ஒரு ஆணி எத்தினி லட்சம்னு கணக்கு போட்டுட்டு அடி."

அன்றைக்கு வீட்டுக்கு வந்ததும் மூன்று ஆணி அடித்தேன். மாட்டுவதற்கு ஒன்றும் இல்லை. உன்மேல் இருந்த கோபத்தில் அடித்தேன்.

அந்த வாரமே என்னை வங்கிக்கு இழுத்துப்போனாய். கடன் பிரிவில் இருந்த தம்பி பொறுமையான பிள்ளை. "லெட்டர் அனுப்பினோமே சார்" என்றான். மூன்று அனுப்பியிருந்தான். மூன்று உறையின் முதுகிலும் நான் மளிகைச் சாமான் லிஸ்ட் எழுதியிருந்தேன். உள்ளே இருந்ததைப் படிக்கவில்லை. தவணையை இருபத்திரண்டாயிரம் ஆக்குங்கள் என்று எழுதி நீட்டியபோது அவன் இரண்டு தடவை படித்தான்.

"சார், எல்லாரும் கொறைங்கன்னுதான் வருவாங்க. ஏத்துங்கன்னு வந்த மொத ஆளு நீங்கதான்."

நீ என் மொட்டையைக் காட்டி, "வேண்டுதல் தம்பி" என்றாய்.

அதன்பிறகு வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாக அசலில் போய் விழவேண்டும் என்று நீ சட்டம் போட்டாய். போனஸ் அதற்குப் போனது. வீட்டில் இவள் பிடித்த சீட்டு அதற்குப் போனது. என் வண்டியின் சைலன்சர் கடகடத்தபோது, "கேக்க நல்லாத்தான் கீது, விடு" என்றாய். பிள்ளைகள் உனக்கு வைத்த பெயர் அசல் மாமா. உனக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டிருந்தோம். ஒரு நாள் நீயே காலிங் பெல் அடித்து, "அசல் மாமா வந்துகீறேன்" என்றாய்.

வீட்டுத் தரையில் நீ முதல் நூல் ஒட்டியது வங்கிக்குப் போன அந்த வாரம்தான். மனை என் பணம் என்பதால் மண்ணை எனக்கு விட்டுவிட்டாய். கட்டடம் கடன். "அடைச்ச அசலுக்கு எவ்ளோ வூடு உன்னுதுன்னு பாக்கலாம்" என்று பின்கட்டிலிருந்து அளந்துகொண்டே வந்தாய். சட்டைப் பையில் எப்போதும் சாம்பிள் நூல் வைத்திருப்பாயே, அதில் ஒரு பச்சையை எடுத்துப் பாத்ரூம் வாசலில் தரையில் இழுத்து டேப் போட்டு ஒட்டினாய். "இதுக்கு அந்தாண்ட உன்னுது. இதுக்கு இந்தாண்ட பேங்கு. நீ சொந்த வூட்ல கீற நேரம் குளிக்கிற நேரம் மட்டும்தான்."

இவள் அடுப்படியிலிருந்து, "அண்ணா, அப்போ நான் சமைக்கறது பேங்க் எடத்துலயா? அவங்களையே வந்து பாத்திரம் கழுவச் சொல்லுங்க" என்றாள்.

ஒவ்வொரு ஜனவரி முதல் தேதியும் மத்தியானம் சாப்பாட்டுக்கு வந்தாய். சாப்பிடுவதற்கு முன்னால் தாளைப் பார்த்துக் கணக்குப் போட்டு நூலை நகர்த்தினாய். ஒரு வருஷம் நீல நூல் அடுப்படிக்குள் பாதியில் நின்றது. காஸ் அடுப்பு எங்களுடையது, பாத்திரம் கழுவும் தொட்டி வங்கியுடையது. இன்னொரு வருஷம் பூஜை அலமாரி எங்கள் பக்கம் வந்தது. முருகன் இனிமேல் நம்ம வீட்டில் இருக்கிறான் என்று இவள் பாயசம் வைத்தாள். கடைசியாக நீ ஒட்டியது மாம்பழக் கலர் நூல். படுக்கையறை வாசலில் ஒட்டிவிட்டு, முட்டியைப் பிடித்துக்கொண்டு எழுந்தாய். "ஹால் மட்டும் பாக்கி. அதுவும் ரெண்டரை வருசம். அப்புறம் நான் எங்க நூல் ஒட்டுறது?"

அந்தச் சித்திரையில் திருவள்ளூர் ஆஸ்பத்திரியில் நீ காலை ஏழு மணிக்குப் போனாய். நெஞ்சுவலி என்று போனவன் இரண்டு நாள்கூட இருக்கவில்லை.

உன்னை ஏற்றிவந்த வண்டி உன் தெருவுக்குத் திரும்பியபோது உன் வாடகை வீட்டின் சொந்தக்காரர் கேட்டருகே நின்றிருந்தார். கீழ்வீட்டில் அவர் மகளுக்குக் கல்யாணம். வாசலில் பந்தக்கால் நட்டு மஞ்சள் துணி கட்டியிருந்தது. என்னைத் தனியாகக் கூப்பிட்டு இரண்டு கையையும் கூப்பினார்.

"தப்பா எடுத்துக்காதீங்க சார். பந்தக்கால் நட்டாச்சு. இன்னும் எட்டு நாள்தான். எங்களவங்க ஒத்துக்க மாட்டாங்க. நேரா அங்கயே கொண்டுபோயிட்டீங்கன்னா, செலவு என்னுது."

கெட்ட மனுஷன் இல்லை. உன்னிடம் பதினாலு வருஷத்தில் ஒரு தடவைகூட வாடகைக்கு முகம் சுளித்ததில்லை. அவர் கண் கலங்கியிருந்தது. உன் மனைவி, நான் தங்கச்சி என்று கூப்பிடுகிறவள், வண்டிக்குள் உன் செருப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவர் சொன்னது அவளுக்குக் கேட்டது. செருப்பைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டாள்.

அப்போது எனக்கு வந்த கோபம் அவர்மேல் இல்லை, உன்மேல். எல்லாவற்றுக்கும் கணக்குப் போட்டவன், வாடகை, வட்டி, அசல், ஆணி என்று ஒன்றுவிடாமல் எழுதியவன், இந்த ஒரு வரியை எழுத மறந்துவிட்டாயே என்று. ஒரு ஆணி எத்தனை லட்சம் என்று கேட்டாயே, அத்தனை லட்சமும் இதற்குத்தான் பாவா. கேட்டில் யாரும் கைகூப்பி நிற்கக் கூடாது என்பதற்குத்தான்.

"வண்டியத் திருப்புப்பா" என்றேன்.

"எங்க சார்?"

"நம்ம வீட்டுக்கு."

இவளுக்கு போன் போட்டேன். முழுசாகச் சொல்லிமுடிக்கவில்லை. "இதக் கேக்கணுமா? கொண்டாங்க" என்று வைத்துவிட்டாள். நாங்கள் போய்ச் சேர்வதற்குள் சோபாவை வாசலுக்குத் தள்ளியிருந்தாள். ஹாலைக் கழுவி, நடுவில் பாய் விரித்திருந்தது. அம்மையார்குப்பத்திலிருந்து தறிக்காரர்கள் வேன் பிடித்து வந்தார்கள். தறியை நிறுத்திவிட்டு வந்தவர்கள். "நைனா, எழுந்திரு நைனா" என்று ஒரு கிழவி உன் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள். ஹால் கொள்ளவில்லை. சாயங்காலம் வரைக்கும் நீ என் வீட்டில் இருந்தாய். என் வாசலில்தான் உனக்கு மேளம் அடித்தார்கள். ஒருத்தரிடமும் அனுமதி கேட்கவில்லை நான்.

உன் கணக்கை எதிர்த்து நான் ஜெயித்தது அந்த ஒரு நாள்தான். ஆனாலும் உன் கணக்கை விடவில்லை. நீ இல்லாத இரண்டரை வருஷமும் இருபத்திரண்டாயிரமும், வருஷத்துக்கு அந்தக் கூடுதல் தவணையும் ஒரு மாசம் தவறாமல் கட்டினேன். இடையில் வங்கியிலிருந்து ஒரு பெண் போன் செய்து, "சார், உங்க ரெக்கார்டு ரொம்ப நல்லா இருக்கு, இதுமேல இன்னொரு பத்து லட்சம் எடுத்துக்கலாம்" என்றாள். "அம்மாடி, எனக்கு முடி கொட்டிப்போச்சு, இனிமே குடுக்கறதுக்கு இல்ல" என்று வைத்தேன். அவளுக்குப் புரிந்திருக்காது. உனக்குப் புரியும்.

மொத்தம் கிட்டத்தட்ட முப்பத்திரண்டு லட்சம். பதினெட்டுக்கு. அதையும் மறைக்கவில்லை. ஆனால் நாற்பத்தாறு இல்லை. ஐம்பது வயதில் பத்திரம் என் மேஜைமேல் கிடக்கிறது. வளர்ந்த மலையை வெட்டி இறக்கினோம் நாம்.

உன் மேல் கோபத்தில் அடித்த மூன்று ஆணியில் நடு ஆணிக்கு மாட்டுவதற்கு ஒன்று கிடைத்துவிட்டது. உன் போட்டோ. தங்கச்சி இப்போது இருக்கிற வாடகை வீட்டில் ஆணி அடிக்கக் கூடாதாம். அதனால் நீ இங்கேதான் இருக்கிறாய். நேற்று பத்திரத்தை உன் முகத்துக்கு நேராகப் பிடித்துக் காட்டினேன். அப்புறம் குனிந்து, படுக்கையறை வாசலில் இருந்த டேப்பை நகத்தால் சுரண்டி, மாம்பழ நூலை எடுத்துப் பர்சுக்குள் வைத்துக்கொண்டேன். இவள் துடைத்துத் துடைத்து நிறம் வெளுத்துவிட்டது. இன்று காலை கடைக்காரனுக்குப் பணம் எடுக்கும்போது விரலில் சுற்றிக்கொண்டது. ஒரு தடவைக்கு இரண்டு தடவை யோசித்துத்தான் நோட்டை எடுத்தேன்.

ஒன்றை மட்டும் இதுவரை யாரிடமும் சொல்லவில்லை. அன்றைக்கு உன்னைத் தெற்கே தலைவைத்துக் கிடத்திவிட்டு நிமிர்ந்தபோது பார்த்தேன். இந்த நூல் உன் தலைக்கு ஒரு சாண் பின்னால் இருந்தது. உன் அளவுப்படி, நீ கிடந்த இடம் முழுக்க வங்கியுடையது.