சுயவிருப்பில் சென்றவர்கள்

மல்கிரேவ்,
12.08.1974

அன்புள்ள ஐயாவுக்கு,

உங்கள் முழங்கால் வலியும் அம்மாவின் இருமலும் குறைந்திருக்கும் என நம்புகிறேன். நான் நல்ல சுகம். இந்த நாட்டுக் குளிருக்கும் பழகிவிட்டேன்.

சென்ற கிழமை வகுப்பில் என் கட்டுரையை வாசித்தேன். அமெரிக்காவின் கரோலினா ஆங்கிலேயரின் மாகாணமாக இருந்தபோது எழுதப்பட்ட முதல் வரலாறுகளைப் பற்றியது. அங்கிருந்த பூர்வகுடிகள் தாமாகவே விலகிப் போனார்களாம். ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன்.

வெளியே வந்ததும் மலேசியத் தமிழர் தனபாலன் கேட்டார்.

"உங்க ஊருக்கு யாராச்சும் வரலாறு எழுதியிருக்காங்களா?"

"ஓம். கும்பாபிஷேக மலரிலை எங்கட ஐயாதான் எழுதினவர்."

"அதுல யாரும் தாமாவே போகலையா?"

"இல்லை" என்றேன்.

பவளம் இருபது வருடம் நம் முற்றம் கூட்டினாள். அவளுடைய ஆட்கள் கோயிலுக்குள் வர முயன்றதற்காக நம்மவர்கள் அவர்களின் குடிசைகளைக் கொளுத்தினார்கள். மலரில் அது, "கீழைத்தெருவினர் சுயவிருப்பில் வேறிடம் சென்றனர்" என்று இருக்கிறது. தேருக்கு வடம் கொடுத்தவர்களின் பெயர்கள் மூன்று பக்கம்.

அம்மா அனுப்புவதாகச் சொன்ன மிளகாய்த்தூள் வேண்டாம். மலரில் ஒரு பிரதி அனுப்புங்கள். தமிழில் வாசிக்க இங்கே என்னிடம் வேறொன்றும் இல்லை.

இதை அம்மாவுக்கு வாசித்துக் காட்டாதீர்கள். பஸ் வருகிறது, நிறுத்துகிறேன்.

பஸ்ஸை விட்டுவிட்டேன். மலரில் நீங்கள் முதலில் "சென்றனர்" என்று மட்டுமே எழுதியிருந்தீர்கள். அச்சுப்பிழை பார்க்கும்போது "சுயவிருப்பில்" என்று சேர்த்தவன் நான். வசனம் இப்போதுதான் நிறைவாக இருக்கிறது என்று மெச்சினீர்கள்.

மகன்
கதிர்காமநாதன்