அழுத்தி எழுதியவள்

பிப்ரவரி 11

கடையில் விற்காமல் நின்ற போன வருஷத்து டைரியை இன்று நானே எடுத்துக்கொண்டேன். கிழமைகள் எல்லாம் தப்பு, தேதியை மட்டும் நம்பலாம். என் மாதிரியே, பாதி உருப்படி.

எதற்கு இந்த வேண்டாத வேலை? பேச ஆளில்லை, அதற்குத்தான். பழைய புத்தகக் கடைக்காரனுக்கு வாய்தான் மூலதனம். நான் வாயைத் திறந்தாலே பக்கத்துக் கடைப் பூட்டுக்காரர் அரத்தை எடுத்துக் 'கிறீச் கிறீச்' என்று ராவ ஆரம்பித்துவிடுகிறார். வீட்டில் மனைவி. எதைச் சொன்னாலும் அவளிடமிருந்து வருவது ஒரே ஒரு 'ம்'. பசிக்கு ஒரு 'ம்', வெறுப்புக்கு ஒரு 'ம்', 'உங்க ஜோக்கை நிறுத்துங்க'வுக்கு ஒரு 'ம்'. கேட்டுக் கேட்டு நான் அதில் பட்டம் வாங்கும் நிலைக்கு வந்துவிட்டேன்.

ரேடியோ இருந்தவரை இங்கே பேசச் சொல்லி யாரையும் கெஞ்ச வேண்டியதில்லை. எங்கள் ஒரே பெண்ணுக்கு நாங்கள் வைத்த பட்டப்பெயர் அது. காலையில் கண் விழிக்குமுன் அவளுக்கு வாய் விழித்துவிடும்.

போதும், இன்றைக்கு.

பிப்ரவரி 14

வெளிநாட்டிலிருந்து மச்சான் பேசினார். மனைவி போனை ஸ்பீக்கரில் போட்டாள். "இங்க நர்ஸ் கிடைக்காம அலையறாங்கம்மா. அந்த இங்கிலீஷ் பரீட்சையில ஒம்பதுக்கு ஏழு எடுத்துட்டா போதும், மீதியை நான் பாத்துக்கறேன்."

'ம்' என்றாள். இதுவரை கேட்காத 'ம்'. நான் சட்டென்று நிமிர்ந்தேன்.

"மாப்பிள்ளையும் வரலாம். ஆனா அவரும் எழுதணும். அவருக்கு நாலு வந்தாப் போதும்."

"மச்சான், எனக்கு இங்கிலீஷ்ல விலை மட்டும்தான் சொல்ல வரும். அதுவும் குறைச்சுத்தான் சொல்ல வரும்" என்றேன். அவர் சிரித்தார். பாவம், தொலைபேசிக் கட்டணத்துக்கு ஏதாவது வேண்டுமே.

அவள் ஏன் போக நினைக்கிறாள் என்று எனக்குத் தெரியாதா? ரேடியோ காய்ச்சலில் படுத்துக் கடைசியாகக் கண் மூடியது இவள் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரியில்தான். அந்த வார்டைத் தாண்டித்தான் தினமும் டியூட்டிக்குப் போக வேண்டும். கூட வேலை பார்க்கும் அம்மா ஒருத்தி கடைக்கு வந்தபோது காதைக் கடித்தாள்: "அந்தக் கதவு வந்ததும் தரையப் பாத்துக்கிட்டே நடப்பாங்க சார். எதிர்ல ஸ்ட்ரெச்சர் வந்தாகூடத் தெரியாது."

அவள் போகட்டும், அது நியாயம். நான்?

பிப்ரவரி 19

அலமாரியிலிருந்து ரேடியோவின் பயிற்சிப் புத்தகத்தை எடுத்திருக்கிறாள்.

பிப்ரவரி 20

இந்தப் பரீட்சைக்குத்தான் ரேடியோவும் படித்துக்கொண்டிருந்தாள், வெளிநாடு போய்ப் படிப்பதற்காக. புத்தகத்தில் நான்கு டெஸ்ட். மூன்றை முடித்திருந்தாள், நான்காவதைத் தொடவில்லை. எல்லாம் பென்சிலில். நான் கறாராகச் சொல்லியிருந்தேன்: பேனாவால் தொட்டால் புத்தகம் செத்துப்போகும், பென்சில் என்றால் அழித்து மறுபடி விற்கலாம். வாத்தியார் பிள்ளைக்குப் படிப்பு, என் பிள்ளைக்கு மறுவிற்பனை.

அவள் அதற்கும் வழி வைத்திருந்தாள். ஒவ்வொரு எழுத்தையும் கல்லில் செதுக்குகிற மாதிரி அழுத்துவாள். "பென்சிலா உளியாடி அது? கரியை அழிக்கலாம், பள்ளத்தை எப்படி அழிக்கறது? பாதி விலைக்குக்கூடப் போகாது" என்று கத்துவேன். "நீங்க விக்கக் கூடாதுன்னுதாம்பா அழுத்தறேன்" என்பாள்.

பிப்ரவரி 21

கேட்கும் பகுதிக்கான ஒலிப்பதிவை மனைவி போனில் போட்டாள். வீட்டில் மறுபடி ஒரு குரல். யாரோ ஒரு வெள்ளைக்கார அம்மாள். ஆரம்பத்திலேயே எச்சரிக்கிறாள்: ஒருமுறைதான் கேட்கும், திரும்பப் போடமாட்டோம்.

அதைக் கேட்டதும் நான் பல் தேய்க்கப் போய்விட்டேன். மத்தியானம் மூன்று மணிக்கு.

பிப்ரவரி 23

இன்று நான் தேர்வாளர். பேசும் பகுதிக்கு எதிரே ஒரு ஆள் உட்கார்ந்து கேள்வி கேட்க வேண்டுமாம். கல்யாணத்துக்கு வாங்கிய கோட்டைப் பரணிலிருந்து இறக்கினேன். பொத்தான் போட மறுத்தது கோட்டின் தப்பில்லை. கழுத்தில் அவளுடைய துப்பட்டாவை டை மாதிரிச் சுற்றிக்கொண்டு, தலையைச் சாய்த்து, "குட் மார்னிங் மேடம்" என்றேன். உதட்டோரம் ஏதோ அசைந்தது. சிரிப்பு என்று நானாக எழுதிக்கொள்கிறேன்.

பெயர் கேட்டேன். வேலை கேட்டேன். டாண் டாண் என்று சொன்னாள். எனக்கே பெருமையாக இருந்தது. அடுத்த கேள்வியை அட்டையைப் பார்த்து வாசித்தேன். உங்கள் குடும்பத்தில் எத்தனை பேர்?

வாசித்த பிறகுதான் என்ன வாசித்தேன் என்று உறைத்தது.

வாயைத் திறந்தாள். மூடினாள். கொடியில் துணி காய்ந்துவிட்டது என்று எழுந்து போய்விட்டாள். துணி காயவில்லை. ஈரத்தோடு மடித்து வைத்தாள்.

துப்பட்டாவைக் கழற்றிவிட்டு நான் அங்கேயே உட்கார்ந்திருந்தேன்.

மார்ச் 3

சில நாளாகக் கவனிக்கிறேன். டியூட்டிக்குக் கிளம்புமுன் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டு உட்காருகிறாள், கையில் பென்சிலும் இருக்கிறது, ஆனால் ஒரு எழுத்து எழுதுவதில்லை. விரலை மட்டும் வரி வரியாக ஓட்டுகிறாள். எனக்கு இன்றுதான் புத்தியில் பட்டது. எழுத இடம் எங்கே? மூன்று டெஸ்டிலும் விடை ஏற்கெனவே இருக்கிறது! நான்காவது ஒன்று எத்தனை நாளைக்கு வரும்? கட்டத்தில் ஆள் உட்கார்ந்திருந்தால் இவள் எங்கே உட்காருவாள்?

உலகத்தில் எனக்கு உருப்படியாகத் தெரிந்த ஒரே வேலை இதுதான். கடையிலிருந்து மெத்தென்ற ரப்பரும் பிரஷும் கொண்டுவந்தேன். ஒரே பக்கமாகத் தேய்க்க வேண்டும், முன்னும் பின்னும் தேய்த்தால் தாளின் நார் முடி மாதிரி எழும்பிவிடும். மூன்று டெஸ்டும் பளிச். நேராகப் பார்க்கிறவனிடம் புதுசு என்று சொல்லி விற்கலாம்.

மேஜையில் விரித்து, பக்கத்தில் சீவிய பென்சிலும் வைத்திருக்கிறேன். வருகிற நேரம்தான். இன்றைக்காவது ஒரு நல்ல 'ம்' கிடைக்குமா பார்ப்போம்.

மார்ச் 4

என்ன காரியம் பண்ணிட்டேன்.

மார்ச் 5

எழுதித்தான் ஆக வேண்டும், இல்லாவிட்டால் மண்டை வெடித்துவிடும்.

வந்தாள். பையை வைத்தாள். புத்தகத்தைப் பார்த்தாள். ஒரு பக்கம் திருப்பினாள், இன்னொரு பக்கம் திருப்பினாள்.

"எங்கங்க?"

"எது?"

"அவ எழுதினது."

நான் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன். மடையன், அப்போதும் எனக்குப் புரியவில்லை. "உனக்கு எழுத இடம் வேணாமா? பாரு, எப்படிப் பளிச்சுனு..."

"நான் எழுதறதுக்கா அதை எடுத்தேன்?"

கத்தவில்லை, கத்தியிருக்கலாம். மேஜை மேல் ரப்பர்த் துகள் கொஞ்சம் கிடந்தது, சாம்பல் நிறத்தில், திரித் திரியாக. அதை உள்ளங்கையில் கூட்டினாள். "மீதி எங்க?" என்றாள். குப்பையில் என்றேன். குப்பைக் கூடையைக் கவிழ்த்துத் தரையில் உட்கார்ந்து பொறுக்க ஆரம்பித்தாள். நானும் குனிந்தேன். "நீங்க தொடாதீங்க" என்றாள்.

அந்தத் துகளை ஆஸ்பத்திரி மாத்திரைக் கவர் ஒன்றில் போட்டு வைத்திருக்கிறாள். எனக்கு எப்படித் தோணாமப் போச்சு? தினமும் விரலால தடவிக்கிட்டு இருந்தாளே, பாத்துக்கிட்டுத்தானே இருந்தேன். எழுதற இடத்தையா தடவுவாங்க? யாராவது முகத்தைத் துடைச்சு எடுப்பாங்களா? தொழில் தெரியுமாம் தொழில். கையை ஒடிச்சு அடுப்பில் வைக்க.

மார்ச் 7

'ம்'கூட இல்லை.

மார்ச் 8

கடையில் சும்மா உட்கார்ந்திருந்தேன். பூட்டுக்காரர் தானாக எழுந்து வந்தார். "என்னண்ணே, ரெண்டு மூணு நாளா உங்க பக்கம் சத்தமே இல்ல? எனக்கு வேலையே ஓட மாட்டேங்குது." அரத்தையும் வைத்துவிட்டு வந்திருந்தார், பாவம். என் தோளைத் தட்டிவிட்டுப் போனார்.

பிறகு ஒரு ஆள் மூட்டையாகப் புத்தகம் விற்க வந்தார். பழக்கதோஷம், ஒன்றை எடுத்து வெளிச்சத்துக்குச் சாய்த்துப் பார்த்தேன், அழித்த இடத்தில் தடம் இருக்கிறதா என்று. இருந்தது. "பள்ளம் விழுந்திருக்கு சார், விலை குறை—"

குறைச்சல் என்று சொல்லவில்லை. பாதியில் நின்றுவிட்டேன். கடையைப் பூட்டுக்காரரிடம் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு ஓடினேன். ஓடினேன் என்றால், என் தொப்பை முன்னால் ஓடியது, நான் பின்னால்.

வீட்டில் பகலிலேயே ஜன்னலைச் சாத்தித் திரை போட்டிருந்தாள். நோயாளிகள் கண்ணில் அடித்துப் பார்க்கிற பேனா டார்ச் அவள் கையில். தாளின் மேல் அதைப் படுக்கை வசத்தில் பிடித்திருந்தாள். எனக்கு முன்னாலேயே கண்டுபிடித்துவிட்டாள். அந்த வெளிச்சத்தில் எழுத்துகள் நிழலாக எழுந்து நின்றன. 'g'க்குக் கீழே வாலை நீட்டி ரேடியோ ஒரு சுழி போடுவாளே, அதுவும்.

நான் கதவோரமாகவே நின்றேன். அவளுக்கு ஒரு கையில் டார்ச், ஒரு கையில் பென்சில், தாளைப் பிடிக்கக் கையில்லை. நிமிர்ந்து பார்க்காமல் டார்ச்சை என் பக்கம் நீட்டினாள்.

"இன்னும் சாச்சுப் புடிங்க."

பிடித்தேன்.

மார்ச் 16

தினமும் டியூட்டி முடிந்து ஒரு மணி நேரம். பள்ளத்துக்குள் பென்சில் முனையை விட்டு, தடம் பிசகாமல் எழுதிக்கொண்டு போகிறாள். நான் விளக்குத் தண்டு. விளக்குத் தண்டுக்கு வாய் கிடையாது, ஜோக்கும் கிடையாது. கஷ்டமான உத்தியோகம்.

இன்று மட்டும் வாயை விட்டேன். இரண்டாவது டெஸ்டில் ஒரு விடை. "இது தப்பாச்சே, பின்னாடி சரியான விடை வேற போட்டிருக்கான். மாத்திடலாமே?"

பென்சில் நின்றது. "அது அவ போட்டது" என்றாள். தப்பையே எழுதினாள். அழுத்தி.

மார்ச் 27

மூன்று டெஸ்டும் முடிந்தது. சில இடம் தேறவில்லை. நான் தேய்த்த தேய்ப்பு அப்படி. அங்கே காலியாகவே விட்டுவிட்டாள்.

நான்காவதைப் பிரித்தேன், "இதுல நீ எழுதலாமே" என்று. மூடி வைத்துவிட்டாள். தன் பயிற்சியெல்லாம் வெள்ளைத்தாளில்தான்.

ஏப்ரல் 5

பரீட்சை. வாசலில் கொண்டுபோய் விட்டேன். எதிரே மரத்தடியில் மற்றவர்களின் அப்பா அம்மாக்கள் நின்றுகொண்டிருந்தார்கள். என்னிடம் ஒருவர், "உங்க பொண்ணு எழுதுதா?" என்றார்.

"ஆமா" என்று சொல்லிவிட்டேன். ஏன் சொன்னேன்?

சாயங்காலம் பஸ்ஸில் திரும்பும்போது அவளாகவே பேசினாள். "குடும்பத்துல எத்தனை பேர்னு கேட்டாங்க."

"என்ன சொன்ன?"

"மூணுன்னேன். மக ரொம்பப் பேசுவான்னு சொன்னேன். அதைப் பத்திச் சொல்லிக்கிட்டே போனேன், அவங்கதான் நிறுத்தினாங்க." கொஞ்ச நேரம் ஜன்னல் வழியே பார்த்தாள். "பொய்யின்னு தெரிஞ்சா மார்க் குறைப்பாங்களா?"

"அவங்க இங்கிலீஷைத்தான் திருத்துவாங்க. கணக்கைத் திருத்த மாட்டாங்க."

என் தோளில் சாய்ந்துகொண்டாள். மூன்று நிறுத்தம் தள்ளி இறங்கி நடந்து வந்தோம்.

ஏப்ரல் 19

ஏழரை. நம் பேச்சில் ஏழரை என்றால் என்ன என்று எல்லோருக்கும் தெரியும். அவளுக்கு மார்க்கு, எனக்கு மற்றது. மச்சான் போனில் கைதட்டுகிறார்.

நானும் கைதட்டினேன். நன்றாகவே தட்டினேன்.

ஜூன் 22

விமான நிலையம். வாசலில் பெட்டியைத் தள்ளுவண்டியில் ஏற்றும்போது, "என்னையும் ஏத்திப் பாரு, கூடுதல் எடைக்கு எவ்வளவு கேட்பான்னு பாக்கலாம்" என்றேன். சிரிக்கவில்லை. என் சட்டைக் காலரைச் சரிசெய்தாள். கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் போய், தரையைப் பார்க்காமல் நிமிர்ந்து நடந்தாள்.

வீட்டுக்கு வந்தால் புத்தகம் மேஜை மேலேயே இருக்கிறது. மாத்திரைக் கவரை எடுத்துப் போயிருக்கிறாள், புத்தகத்தை எடுக்கவில்லை. அவ்வளவு பாடுபட்டு மீட்டதை மறந்தா போவாள்? என் கை பட்டது வேண்டாம் என்று விட்டாளா?

ஜூன் 30

இன்றும் பேசினாள். குளிர், வேலை, சாப்பாடு. புத்தகத்தைப் பற்றி நான் கேட்கவில்லை.

ஜூலை 13

கேட்டுவிட்டேன்.

"புத்தகத்தை விட்டுட்டுப் போயிட்டியே."

"விட்டுட்டு வரல. வச்சுட்டு வந்தேன்."

"எதுக்கு?"

"நாலாவது டெஸ்ட் காலியாத்தான இருக்கு?" என்றாள். "உங்களுக்கு நாலு வந்தாப் போதும்னு அண்ணன் அன்னிக்கே சொன்னாரே."

எனக்கு உடனே ஒரு நல்ல ஜோக் தோன்றியது. சத்தியமாக நல்ல ஜோக். சொல்லவில்லை.

"ம்" என்றேன்.

"பென்சில்லயே எழுதுங்க" என்றாள். "ஆனா அழிக்காதீங்க."

ஜூலை 20

நான்காவது டெஸ்ட், கேட்கும் பகுதி. அந்த வெள்ளைக்கார அம்மாள் ஒருமுறைதான் சொன்னாள். நாற்பதுக்குப் பதினொன்று சரி.

தப்பு ஒன்றையும் அழிக்கவில்லை. அழுத்தித்தான் எழுதியிருக்கிறேன்.