பெற்ற அப்பாவைத் தொட்டால் தீட்டு

மார்கழி 14, ஞாயிறு

இன்னும் மனசு ஆறவில்லை. ஸ்ரீரங்கம் கோயிலுக்குப் போகிற வழியில் கொழுந்தனார் எங்கள் காட்டூர் வீட்டுக்கு வந்தார். படுத்த படுக்கையாக இருக்கும் மாமனாரின் முதுகுப் புண்ணை நான் கழுவிக்கொண்டிருந்தேன். கொழுந்தனார் அறை வாசலிலேயே நின்றுகொண்டு, "கிறிஸ்தவமே இங்க வராம இருந்திருந்தா நம்ம சமூகம் எங்கயோ போயிருக்கும் அண்ணி" என்றார்.

எனக்கு நர்ஸ் வேலை கற்றுத்தந்தவர்கள் கன்னியாஸ்திரிகள். நான் மதம் மாறவில்லை. மாறச் சொல்லி அவர்கள் கேட்டதும் இல்லை. துறையூரில் எங்கள் சொந்தக்காரர்கள்தான், ஊரான் சீழைத் தொடுகிற வேலை பொண்ணுக்கு எதற்கு என்று கேட்டார்கள்.

"அவங்க வரலைன்னா இதையெல்லாம் யாரு செஞ்சிருப்பாங்க தம்பி?"

"நம்மளே செஞ்சிருப்போம்."

செய்திருக்கலாம். இல்லையென்று என்னால் அடித்துச் சொல்ல முடியாது. கையுறையை நீட்டி, "இன்னைக்கே ஆரம்பிங்க" என்றேன்.

"கோயிலுக்குக் குளிச்சிட்டேன் அண்ணி, தீட்டாயிடும்" என்று கிளம்பிவிட்டார்.

புது வருஷக் காலண்டரில் ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாவற்றிலும் அவர் பெயரை எழுதிவிட்டேன். என் வீட்டுக்காரர் பார்த்தார். அழிக்கவில்லை.