இரண்டு முடிச்சுக்கு நடுவில் நம் சந்து

காலையில் அரிசி டிரம்முக்குப் பின்னால் கைவிட்டு உன் கயிற்றை எடுத்தேன். நீ போய் நான்கு மாதமாகியும் உன் கருவாட்டுக் கூடையின் வாசனை அதைவிட்டுப் போகவில்லை. அழுகை வந்தது. அதைவிட அதிகமாகக் கோபம் வந்தது, என்மீதுதான்.

பெரம்பூர் ரயில்வே குவார்ட்டர்ஸிலிருந்து ராயபுரத்துக்கு வாழ வந்தவள் நான். நேர் நேரான தெருக்களில் வளர்ந்தவளுக்கு நம் தெரு கோணல்மாணலாகத் தெரிந்தது. கல்மண்டபம் பக்கம் அகலமாகத் தொடங்கும். அடிபம்பு வரைக்கும் ஒழுங்காக வந்து, அங்கே கடல் பக்கம் திரும்பிச் சந்தாகிவிடும். திருப்பத்து வீடுகள் இரண்டுக்கும் மூலையே கிடையாது, சீவிவிட்டதுபோல் இருக்கும். கொத்தனார் குடித்துவிட்டுக் கட்டினாரா என்று கேட்டேன். எதிர்வாசலில் மீன் கழுவிக்கொண்டிருந்த நீ விழுந்து விழுந்து சிரித்தாய்.

"இன்னாமே இப்டி கேட்டுட்ட? கட்டுமரத்தைத் தோள்ல தூக்கினு வர்சொல்லோ இங்கதான் திருப்பணும். மூலை இருந்தா இட்ச்சுக்கும்ல?"

மரமும், அதற்கு இரண்டு பக்கமும் தோள் கொடுக்கிற ஆட்களும் கரைக்குப் போகிற அகலம்தான் நம் சந்தின் அகலம். பிறகு கரையில் கல் கொட்டினார்கள், துறைமுகச் சாலை வந்தது, படகுகள் மீன்பிடித் துறைமுகத்துக்குப் போய்விட்டன. சந்து அப்படியே இருந்தது. கூடைக்காரிகள், கேஸ் சிலிண்டர், கல்யாணச் சீர், பாடை எல்லாம் அதில்தான் போயின. நீயும் அதில்தான் போனாய்.

சந்தில் யார் எதைக் கட்டினாலும் முதல் வரிசைச் செங்கல் வைத்ததும், அந்த அகலத்துக்கு இரண்டு முடிச்சுப் போட்ட உங்கள் வீட்டுக் கயிறு வர வேண்டும். இந்தச் சுவரில் ஒரு முடிச்சு, எதிர்ச்சுவரில் ஒரு முடிச்சு. விறைப்பாக நின்றால் மேலே கட்டலாம், தொங்கினால் இடிக்க வேண்டும். உன் தம்பி வாசலில் ஆசையாகப் படி கட்டியபோது கயிறு தொங்கியது. மனைவி நிறைமாதம், படி இல்லாமல் எப்படி ஏறுவாள் என்று கெஞ்சினான். "படியை உள்ள கட்டு. தெரு இன்னா உன் வூட்டு சொத்தா?" என்று நீயே கடப்பாரையை எடுத்தாய். இரண்டு வருஷம் அவன் உன்னோடு பேசவில்லை. நீ என் வீட்டில் உட்கார்ந்து அழுததும், அவன் குழந்தைக்குக் கவுன் எடுத்து, நான் வாங்கியதாகச் சொல்லச் சொல்லிக் கொடுத்தனுப்பியதும் அவனுக்குத் தெரியாது.

ஆஸ்பத்திரிக்குப் போகிற அன்று கயிற்றை என் கையில் வைத்தாய். "கேக்காம கட்டுவானுங்கோ. நீ போய் நில்லுமே."

நான் நிற்கவில்லை. உன் பதினாறாம் நாள் காரியத்தன்று தெருவே உன் வாசலில் உட்கார்ந்திருந்தபோது, சந்து முனை குடோன்காரர் தன் சுவரை முழங்கையளவு சந்துக்குள் தள்ளிக் கட்டிவிட்டார். துக்கத்தில் சண்டை எதற்கு என்று விட்டதாக எல்லோரிடமும் சொன்னேன். பொய். நீ படுக்கையில் கிடந்த மாதத்தில் என் மகன் வாஷிங் மெஷினுக்காகச் சந்தில் ஒரு மேடை கட்டியிருந்தான். கயிற்றை எடுத்தால் முதலில் என் வாசலில் பிடிக்க வேண்டியிருக்கும்.

போன வாரம் கோடி வீட்டுப் பெரியவருக்கு மூச்சுத் திணறியது. வந்த ஸ்ட்ரெச்சர் குடோன் சுவரருகே மாட்டிக்கொண்டது. நாற்காலியில் உட்காரவைத்துத் தூக்கி ஓடினோம். பிழைத்துவிட்டார். ஆனால் அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

இன்று முதல் வேலையாக என் மேடையை உடைத்தேன். "மெஷினை எங்கம்மா வெக்கறது?" என்று மகன் கத்தினான். "உன் தலைமேல வெச்சுக்கோ" என்றேன். கையோடு குடோனுக்குப் போனேன்.

"இன்னாக்கா, கயிறெல்லாம் ஒரு ரெக்கார்டா?" என்று குடோன்காரர் சிரித்தார்.

"நாளைக்குக் காலீல புடிக்கிறோம். தெருவே வரும், நீயும் நின்னு பாரு" என்றேன். என் வாயில் உன் பாஷை வந்ததை வரும் வழியில்தான் கவனித்தேன்.

வீட்டுக்கு வந்தால், உடைந்த மேடையின் கல்லை உன் தம்பி கூடையில் வாரிக்கொண்டிருந்தான். "ஒரு மொனை நீ புடி, அக்கா. இன்னொண்ணு நான் புடிக்கிறேன்" என்றான். கவுன் விஷயத்தை அவனிடம் சொல்லிவிட்டேன், கோபித்துக்கொள்ளாதே. கூடையைக் கீழே வைத்தான். பிறகு, நாளைக்கு வேண்டும், கடப்பாரை எங்கே என்று கேட்டான். அவன் படியை நீ உடைத்த அதே கடப்பாரையை எடுத்துக் கொடுத்தேன். தோளில் வைத்துக்கொண்டு போனான்.

கயிறு என்னிடம்தான் இருக்கிறது. நாளைக்குப் போய் நிற்பேன்.